மூன்று முகத்துத் தாய்



இன்று சிங்கப்பூர்க் கலைஞர் ஒருவரைப் பற்றிச் சொல்லப் போகிறோம். அவர் பெயர் மிங் வோங். 1971ஆம் ஆண்டு சிங்கப்பூரில் பிறந்த சீனர். அங்குள்ள நன்யாங் நுண்கலைக் கழகத்தில் சீன ஓவியம் பயின்றவர். பின்னர் லண்டனில் ஸ்லேட் கலைப் பள்ளியில் மேற்படிப்பு முடித்தவர். நாடகமும் எழுதியிருக்கிறார். சயாம் நாட்டில் உடல் ஒட்டிப் பிறந்த சாங், எங் என்னும் இரட்டையரின் வாழ்க்கையைச் சொல்லி 1997இல் சிங்கப்பூரில் மேடையேறிய இசை நாடகத்தின் கதைவசனம் இவருடையது. பின்னாளில் ஜெர்மனியின் பெர்லின் நகருக்குக் குடிபோனார்.

ஆயினும் உலகம் இவரை அறிந்துகொண்டது வேறொரு காரியத்தால். பழைய திரைப்படம் ஒன்றை எடுத்துக்கொள்வார். அதிலுள்ள காட்சிகளைத் தாமே மறுபடி நடிப்பார், அல்லது வேறு ஆட்களை நடிக்க வைப்பார். அதைப் புதிதாகப் படம் பிடித்துக் கண்காட்சிக் கூடத்தில் ஓட விடுவார். "ஏற்கெனவே எடுத்த படத்தை எதற்கு இன்னொரு முறை எடுக்க வேண்டும்?" என்று நீங்கள் கேட்கலாம். நியாயமான கேள்விதான். பதிலைக் கொஞ்சம் சுற்றி வந்து சொல்கிறோம், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நம் பெற்றோர் காலத்தில், சம்பளம் போட்ட வாரத்தில், தோட்டத்துத் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டுவார்கள். பாயும் தலையணையுமாகக் குடும்பம் குடும்பமாகப் போய் உட்காருவது வழக்கம். ஒரு மாதம் எம்.ஜி.ஆர். வருவார், மறு மாதம் பி. ரம்லீ வருவார். மலாய்ப் படமாயிற்றே என்று யாரும் எழுந்து போனதில்லை. ரம்லீ பாடினால் நம் பாட்டிமாரும் தலையாட்டினார்கள்.

அந்தப் படங்களில் நம்மவர் கையும் இருந்தது என்பது பலருக்குத் தெரியாது. முதல் மலாய்ப் படம் என்று சொல்லப்படும் 'லைலா மஜ்னூன்' 1934இல் சிங்கப்பூரில் எடுக்கப்பட்டது. அதை இயக்கிய பி. எஸ். ராஜ்ஹன்ஸ் இந்தியர். பினாங்கில் பிறந்த ரம்லீயை 1948இல் முதன்முதலாகத் திரைக்குக் கொண்டுவந்தவரும் அவரே. 1950இல் 'பக்தி' என்னும் படத்தில் ரம்லீயைக் கதாநாயகன் ஆக்கியவர், சென்னையில் பிறந்த எல். கிருஷ்ணன். 'தாய்' என்று பொருள்படும் 'இபு' என்ற 1953ஆம் ஆண்டுப் படத்தை இயக்கியவர் எஸ். இராமநாதன். இவர்கள் எல்லாம் வேலை பார்த்த இடம், சிங்கப்பூர் பாலஸ்டியர் சாலையிலிருந்து பிரியும் ஜாலான் அம்பாஸ் என்னும் சிறு தெரு. நம் மக்கள் தீபாவளிக்குச் சேலை எடுக்கப் போகும் தேக்காவிலிருந்து அது வெகு தூரமில்லை. பணம் போட்டவர்கள் சீனர்களான ஷா சகோதரர்கள், இயக்கியவர்கள் இந்தியர்கள், திரையில் தெரிந்த முகம் மலாய் முகம். அந்த ரம்லீயின் தந்தையோ சுமத்திரா தீவின் ஆச்சே பகுதியிலிருந்து வந்தவர். ஒரே படத்துக்குள் எத்தனை ஊர் கலந்திருக்கிறது, பாருங்கள்!

மிங் வோங் முதலில் கை வைத்தது இந்தப் படங்களில்தான். 2005இல் 'நான்கு மலாய்க் கதைகள்' என்ற பெயரில் அதைச் செய்தார். 'செமேரா பாடி', 'இபு மெர்துவாகு', 'லாபு டான் லாபி', 'டாக்டர் ருஷ்டி' ஆகிய நான்கு ரம்லீ படங்களிலிருந்து சில காட்சிகளை எடுத்துக்கொண்டார். அவற்றில் வரும் 16 பாத்திரங்களையும், ஆணும் பெண்ணுமாக, அவர் ஒருவரே நடித்தார். மலாய் அவருக்குச் சரளமாக வராது. ஆகவே ஒரு வசனத்தைச் சொல்லிப் பார்ப்பார், நாக்குப் புரளாது, மறுபடி சொல்வார். அந்தத் தடுமாற்றத்தை அவர் வெட்டி எறியவில்லை. படத்திலேயே வைத்துவிட்டார்.

பார்ப்பவர்கள் முதலில் சிரிப்பார்கள். சீன இளைஞர் ஒருவர் சவுரி முடி வைத்துக்கொண்டு மலாய்ப் பெண்ணாக அழுதால் சிரிப்பு வராமல் எப்படி இருக்கும்? ஆனால் அதே வசனம் நான்காம் முறை, ஐந்தாம் முறை வரும்போது வேறொன்று புலப்படுகிறது. மலாய் மொழி சிங்கப்பூரின் தேசிய மொழி. நாட்டுப் பண்ணும் அம்மொழியில்தான் இருக்கிறது. அந்த மண்ணில் பிறந்து வளர்ந்த ஒருவர் அதைப் பேசத் திணறுகிறார். தாம் பிறப்பதற்கு முன்பே தம் ஊரில் இருந்து மறைந்துபோன ஒரு கலகலப்பைப் பிறருடைய வாய்மொழி வழியே எட்டிப் பிடிக்கப் பார்க்கிறார் என்று எங்களுக்குத் தோன்றுகிறது. ஜாலான் அம்பாஸ் படக்கூடம் 1967இல் மூடப்பட்டது. அவர் பிறந்ததோ 1971.

இனி, இன்று நாம் முக்கியமாகச் சொல்ல வந்த படைப்புக்கு வருவோம். அதைப் புரிந்துகொள்ள ஓர் அமெரிக்கக் கதை தெரிந்திருக்க வேண்டும்.

'வாழ்க்கையின் போலி' என்று பொருள்படும் பெயரில் 1933இல் அமெரிக்க எழுத்தாளர் ஃபேனி ஹர்ஸ்ட் ஒரு நாவல் எழுதினார். அது 1934இல் ஒரு முறையும் 1959இல் ஒரு முறையும் படமாயிற்று. 1959ஆம் ஆண்டுப் படத்தை டக்ளஸ் சிர்க் இயக்கினார். ஆனி என்ற கறுப்பினத் தாய், வெள்ளைக்காரப் பெண்மணி ஒருத்தியின் வீட்டில் வேலை செய்கிறாள். அவளுடைய மகள் சாரா ஜேன் வெளுத்த தோலோடு பிறந்துவிட்டாள். சொல்லாவிட்டால் யாருக்கும் தெரியாது. ஆகவே அவள் சொல்லுவதில்லை. வெள்ளைக்காரியாகவே நடக்கிறாள். தாயை மறைக்கிறாள், ஊரை விட்டு ஓடுகிறாள், பெயரையும் மாற்றிக்கொண்டு நடனக் கூடத்தில் ஆடுகிறாள். நோயாளித் தாய் அவளைத் தேடிக்கொண்டு போகிறாள். மகள் தங்கியிருக்கும் அறையில் இருவரும் தனியே பேசிக்கொண்டிருக்கையில் மகளின் தோழி உள்ளே வந்துவிடுகிறாள். "இந்த அம்மாள் யார்?" என்ற கேள்வி அந்த முகத்தில் இருக்கிறது. அப்போது தாய் என்ன செய்கிறாள், தெரியுமா? இந்தப் பெண்ணைச் சிறு வயதில் தூக்கி வளர்த்த ஆயா நான் என்று தானே சொல்லிவிடுகிறாள். வாசலைத் தாண்டிப் போகிற தாயைப் பார்த்து, மகளின் உதடு மட்டும் 'அம்மா' என்று அசைகிறது. குரல் வரவில்லை.

நமக்குக் குந்தி தேவியின் கதை தெரியும். பெற்ற பிள்ளையை ஆற்றிலே விட்டாள். பெற்றவள் நானே என்று அவன் போர்க்களத்தில் மாண்ட பிறகுதான் ஊரறியச் சொன்னாள். 1964இல் 'கர்ணன்' படம் வந்தபோது தோட்டத்துத் திடல்களில் அழாத தாய்மார் இல்லை என்று பெரியவர்கள் சொல்வார்கள். அங்கே தாய் மகனை மறைத்தாள். இங்கே மகள் தாயை மறைக்கிறாள். அதைவிடக் கொடுமை, மகளுக்காகத் தாய் தன்னைத் தானே மறைத்துக்கொள்கிறாள்.

அந்த அறைக் காட்சியைத்தான் மிங் வோங் எடுத்துக்கொண்டார். தாய்க்கு ஒருவர், மகளுக்கு ஒருவர் என்று வைத்திருந்தால் அது வெறும் நகல். அவர் சிங்கப்பூரிலிருந்து மூன்று நடிகர்களைக் கொண்டுவந்தார். ஒருவர் சீனர், ஒருவர் மலாய்க்காரர், ஒருவர் இந்தியர். மூவரும் ஆண்கள். மூவரும் பெண் உடை உடுத்து, சவுரி முடி வைத்து, தாயாகவும் நடிக்கிறார்கள், மகளாகவும் நடிக்கிறார்கள். காட்சி ஒவ்வொரு முறை வெட்டி மாறும்போதும் ஆள் மாறிவிடுகிறார். சற்று முன்பு அழுதுகொண்டிருந்த தாய் இந்தியர். அடுத்த நொடியில் அந்தத் தாய் சீனர். அவரைத் தள்ளிவிடும் மகளோ மலாய்க்காரர். சிறிது நேரத்தில் முதலில் தாயாக இருந்தவரே மகளாக வந்து நிற்கிறார். இதையே இரண்டு திரைகளில் ஓட விட்டார். கண்ணாடிகளையும் வைத்தார்.

எந்த இனத்துத் தாயை எந்த இனத்து மகள் மறைக்கிறாள் என்று பார்ப்பவர் கணக்குப் போட முயல்கிறார். கணக்கு நிற்பதில்லை. சிங்கப்பூரர்களின் அடையாள அட்டை விவரத்தில் 'இனம்' என்று ஒன்று உண்டு. சீனர், மலாய்க்காரர், இந்தியர், மற்றவர் என்று நான்கு பெட்டிகள். கலப்பு மணத்தில் பிறந்த பிள்ளைகளுக்கு இரண்டு இனத்தையும் சேர்த்துப் பதிய 2011இல்தான் வழி பிறந்தது. நம் நாட்டிலும் பள்ளிப் பாரங்களை நிரப்புகிற ஆசிரியர்களுக்கு இந்தப் பெட்டிகள் பழக்கமானவையே. மிங் வோங்கின் படத்தில் இந்தப் பெட்டிகள் ஒவ்வொரு வெட்டிலும் இடம் மாறுகின்றன. கண்ணீர் மட்டும் அதே கண்ணீராக இருக்கிறது.

இன்னொரு செய்தியும் சொல்ல வேண்டும். 1934ஆம் ஆண்டுப் படத்தில் மகளாக நடித்த ஃபிரெடி வாஷிங்டன், உண்மையிலேயே வெளுத்த தோலுடைய கறுப்பினப் பெண். திரைக்கு வெளியே வெள்ளைக்காரியாக வாழ அவர் மறுத்துவிட்டார். 1959ஆம் ஆண்டுப் படத்திலோ மகளாக வந்த சூசன் கோனர் கறுப்பினத்தவரே அல்லர். அவருடைய தாய் மெக்சிக்கோ நாட்டு நடிகை, தந்தை ஐரோப்பிய யூதர். வெள்ளைக்காரியாக நடிக்கும் கறுப்புப் பெண்ணாக, கறுப்பர் அல்லாத ஒருவர் நடித்தார்! ஆக, மிங் வோங் தொடுவதற்கு முன்பே அந்தக் கதையில் முகங்கள் இடம் மாறித்தான் கிடந்தன.

ஆண் பெண்ணாக நடிப்பது நமக்குப் புதிதன்று. கோயில் திருவிழாவில் அரிச்சந்திரன் நாடகம் போடும்போது சந்திரமதியாக வருபவர் யார்? விடிந்தால் பால் மரம் வெட்டப் போகிற வாலிபர்தான். மயான காண்டத்தில் பாம்பு தீண்டி இறந்த மகனை மடியில் போட்டு அவர் புலம்பும்போது, மீசை மழித்த தடம் தெரிகிறதே என்று ஒருவரும் பார்ப்பதில்லை. மறுநாள் பெரட்டில் அதே ஆளைப் பார்க்கையில், நேற்று அழுத முகம் இவருடையதுதானா என்று ஒரு திகைப்பு வரும். அந்தத் திகைப்பைத்தான் மிங் வோங் நொடிக்கு நொடி உண்டாக்குகிறார் எனலாம்.

2009ஆம் ஆண்டு இத்தாலியின் வெனிஸ் நகரில் நடந்த கலைக் கண்காட்சியில், சிங்கப்பூரின் சார்பாக இது வைக்கப்பட்டது. 1895இல் தொடங்கிய அந்தக் கண்காட்சி உலகக் கலைஞர்களுக்கெல்லாம் பெரிய திருவிழா. அது அந்த முறை 53ஆவது. அங்கே மிங் வோங்கின் படைப்புக்குச் சிறப்புப் பாராட்டு கிடைத்தது. வாசலில் பழைய திரையரங்குகளில் வைப்பது போன்ற கையால் தீட்டிய பெரிய விளம்பரப் பலகைகளை வைத்திருந்தார். அவற்றைத் தீட்டியவர் நியோ சோன் டெக் என்னும் முதியவர். சிங்கப்பூரில் அந்தத் தொழில் தெரிந்தவர்களில் எஞ்சியிருந்த கடைசி ஓவியர் என்று அவரைச் சொன்னார்கள். நம் பட்டணத்துக் கொட்டகை வாசலிலும் சிவாஜியின் கண் ஒன்றே ஆளுயரத்துக்கு இருக்கும்படி வரைந்த பலகைகள் நின்றன. வரைந்தவர் பெயரை யார் கேட்டோம்? தேக்காவுக்கு அருகே மெக்கென்சி சாலையில் 1946இல் திறந்த ரெக்ஸ் திரையரங்கு போன்றவற்றின் காலம் அது. வெனிஸ் கண்காட்சி 2010இல் சிங்கப்பூர்க் கலைக் கூடத்துக்கும் வந்தது. வந்தவர்கள் படத்தோடு பலகைகளையும் பார்த்துச் சென்றார்கள்.

நேயர்களே, தாயை மறைக்கிற அந்தக் காட்சியைக் காண நாம் அமெரிக்காவுக்கும் போக வேண்டாம், வெனிசுக்கும் போக வேண்டாம். எங்கள் பள்ளியில் படித்த பெண் ஒருத்தி, கெட்டிக்காரி. படிப்பு முடித்து, ஜொகூர் பாருவில் தோழிகளோடு வாடகை வீட்டில் தங்கி, நாள்தோறும் பாலம் கடந்து சிங்கப்பூருக்கு வேலைக்குப் போய் வந்தாள். அவளுடைய தாய் செம்பனைக் காட்டில் உதிரிப் பழம் பொறுக்குபவர். ஒரு தீபாவளிக்கு முன் முறுக்கு டின்னோடு பேருந்து ஏறி மகளைப் பார்க்கப் போனார். கதவைத் திறந்த தோழி, "யாருங்க?" என்று கேட்டாள். உள்ளேயிருந்து எட்டிப் பார்த்த மகளின் முகத்தை அம்மா பார்த்தார். "பக்கத்து வீட்டுக்காரிம்மா. இந்தப் பக்கம் வந்தேன். அவங்க அம்மா இதைக் கொடுத்துட்டு வரச் சொன்னாங்க" என்றார். தண்ணீர்கூடக் குடிக்காமல் திரும்பிவிட்டார்.

அந்த அம்மாவே எங்களிடம் இதைச் சொன்னார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார். "நகத்துல கறை, சார். கழுவிக் கழுவிப் பார்த்தேன், போகல. அந்தப் புள்ளைங்க எல்லாம் பளிச்சுன்னு இருந்துச்சுங்க" என்றார். மகள் மீது அவருக்கு ஒரு துளிக் கோபமும் இல்லை. எங்களுக்கு இருந்தது. ஆனால் அந்தப் பெண் யாரைப் பார்த்து இப்படிக் கற்றுக்கொண்டாள் என்று யோசித்தால் கோபம் வேறு பக்கம் திரும்புகிறது. தோட்டத்துப் பிள்ளை என்றால் ஒரு மாதிரியாகப் பார்க்கிற கண்கள் பட்டணத்தில் உண்டு; நம் இனத்தவரிடையேயே உண்டு. அந்தக் கண்களின் முன்னால் நின்றுகொண்டுதான் அவள் வாய் அடைத்துப் போனாள்.

மிங் வோங்கின் முறையை எங்கள் நான்காம் ஆண்டு வகுப்பில் செய்து பார்த்தோம். கதை மட்டும் நம்முடையது: விடுதிக்கு வந்த தாய், வாசலில் நிற்கும் மகள், எட்டிப் பார்க்கும் தோழி. மூன்று பிள்ளைகள். தாய்க்கு அடையாளம் தோளில் ஒரு துண்டு. ஆசிரியர் கை தட்டினால் துண்டு அடுத்தவர் தோளுக்குப் போக வேண்டும். பேச்சை விட்ட இடத்திலிருந்து தொடர வேண்டும். முதல் சுற்றில் வகுப்பே சிரித்தது. மூன்றாம் சுற்றில் சிரிப்பு அடங்கிவிட்டது. தாயாக இருந்த ஒரு பையன், கை தட்டிய பிறகும் துண்டைக் கொடுக்கவில்லை. மகளாக நிற்க மாட்டேன் என்று சொல்லிவிட்டான். நாங்களும் வற்புறுத்தவில்லை.

நம்மவர் யாரும் இப்படிச் செய்யவில்லையா என்று கேட்பீர்கள். சிங்கப்பூரில் கே. ராஜகோபால் இருக்கிறார். மேடை நடிகராகவும் இருந்து, குறும்படங்கள் எடுத்தவர். சிங்கப்பூர் அனைத்துலகத் திரைப்பட விழாவில் 1995, 1996, 1997 என்று தொடர்ந்து மூன்று ஆண்டுகள் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசு பெற்றார். 2016இல் 'ஒரு மஞ்சள் பறவை' என்ற அவருடைய முழுநீளப் படம் பிரான்சின் கான் விழாவில், விமர்சகர் வாரம் என்னும் பிரிவில் காட்டப்பட்டது. சிறையிலிருந்து வெளியே வரும் சிவா என்ற தமிழர், பிரிந்துபோன மனைவியையும் மகளையும் தேடி அலைகிற கதை. இதிலும் ஒரு தாய் உண்டு. இந்திய நடிகை சீமா பிஸ்வாஸ் அந்தப் பாத்திரத்தில் நடித்தார். இந்தத் தாய் தன்னை மறைத்துக்கொள்பவள் அல்லள். திரும்பி வந்த மகனை மன்னிக்க மறுப்பவள். பளபளக்கும் சிங்கப்பூரைப் பார்த்துப் பழகியவர்களுக்கு இந்தப் படத்தின் இருட்டுக் கடினமாக இருக்கும். சிறு பிள்ளைகளுக்கு உகந்ததன்று என்பதையும் சொல்லிவிடுகிறோம்.

பெரியவர்களுக்கு அவருடைய இன்னொரு படத்தைச் சொல்லுவோம். சிங்கப்பூர் விடுதலையின் 50ஆம் ஆண்டான 2015இல், ஏழு இயக்குநர்கள் ஆளுக்கொரு சிறு படம் எடுத்து 'ஏழு கடிதங்கள்' என்று சேர்த்து வெளியிட்டார்கள். அதில் ராஜகோபாலின் பங்கு 'சுடர்' என்று பொருள்படும் படம். பிரிட்டிஷ் படைகள் 1971இல் சிங்கப்பூரை விட்டு வெளியேறின. படைத்தளங்களை நம்பிப் பிழைத்த இந்தியக் குடும்பங்கள் ஏராளம். அப்படியொரு குடும்பத்தில், வெள்ளைக்காரனையே நம்பிய தந்தைக்கும், வேறு எண்ணம் கொண்ட மகனுக்கும் இடையே, போவதா இருப்பதா என்ற வழக்கு எழுகிறது.

இந்த வழக்கு நம் லயங்களிலும் நடந்ததே. 1969க்குப் பிறகு, குடியுரிமை இல்லாதவர்கள் வேலை பெர்மிட் எடுக்க வேண்டும் என்று சட்டம் வந்தபோது, தோட்டங்களிலிருந்து ஏறத்தாழ 60,000 பேர் இந்தியாவுக்குக் கப்பல் ஏறினார்கள். ஒரே வீட்டில் கணவனுக்கு நீல அட்டை, மனைவிக்குச் சிவப்பு அட்டை என்றிருந்த குடும்பங்கள் பல. 'ரஜூலா' கப்பலில் போனவர் யார், துறைமுகத்தோடு திரும்பி வந்தவர் யார் என்பது உங்கள் வீட்டுப் பாட்டிக்குத் தெரிந்திருக்கும். மாணவச் செல்வங்களே, வரும் பள்ளி விடுமுறையில் அவரிடம் கேளுங்கள். அன்று யார் என்ன சொன்னார்கள், யார் பெட்டியைக் கட்டினார்கள், யார் அவிழ்த்தார்கள் என்று ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதி, உங்கள் தமிழாசிரியரிடம் கொடுங்கள். நடித்துப் பார்க்க மூன்று பேரும் ஒரு துண்டும் போதும்.